களா வேலி

சில ஆண்டுகளுக்கு முன், தவணை கடந்த கடன்களைப் பற்றி விசாரிக்க ஒரு கிராமச் சங்கத்திற்கு நாம் சென்றிருந்தோம். அடுத்தடுத்து நிலமுடைய இரு அங்கத்தினர் ஒரே ஆண்டில் பயிர்க்கடனைச் செலுத்தத் தவறியிருந்தனர். காரணத்தை வினவியபோது, கடன்தொகையில் ஒரு பகுதி வழக்குச் செலவிற்குப் போயிற்றென அறிந்தோம். இரு நிலங்களுக்கும் இடையே அடைத்த முள்வேலி ஆண்டுதோறும் கறையானுக்கு இரையாகும். புதிதாய் அடைக்கும்பொழுது ஒரு சாண் இப்புறமோ அப்புறமோ நகரும். அந்த ஒரு சாணே வழக்கிற்கு வித்து.

வெட்டிய முள்ளுக்கு வேரில்லை. ஆகையால் அதற்கு நிலையான இடமும் இல்லை. கம்பி வேலியோ சிறு விவசாயிக்கு எளிதில் கட்டுப்படியாவதன்று. இந்நிலையில், நம்மவர் நன்கறிந்த களாச் செடியை நினைவூட்ட விரும்புகிறோம்.

களா அரளிக் குடும்பத்தைச் சேர்ந்தது. ஆண்டு முழுதும் பச்சிலை தாங்குவது. மணமுள்ள வெண்மலர்களைக் கொண்டது. ஆதலின் தோட்டங்களில் அழகுக்காகவும் இதனை வேலியாக வளர்க்கின்றனர். கணுக்களில் இணையிணையாக அமைந்த கூரிய முட்கள் ஆட்டையும் மாட்டையும் தடுக்கும். வறட்சியை இச்செடி நன்கு தாங்கும். நீர் தேங்கும் நிலம் மட்டும் இதற்கு ஆகாது.

பழுத்த கனியினின்று எடுத்த விதையைச் சேமித்து வைக்காமல் உடனே நாற்றங்காலில் இடவேண்டும். நாட்பட்டால் முளைப்புத்திறன் குன்றும். ஓராண்டு வளர்ந்த நாற்றுகளை மழைக்காலத் தொடக்கத்தில் 2 அடிக்கு ஒன்றாக நடலாம். நுனியை அவ்வப்போது கத்தரித்துவர, அடியிலிருந்து கிளைத்து நெருங்கும். வேலி அடைவதற்கு 3 ஆண்டுகளேனும் பொறுத்திருத்தல் வேண்டும். அதுவரை இளஞ்செடிகளுக்குக் காவலாக முள் அடைப்பு அவசியம். ஏறக்குறைய அக்காலத்திலேயே காய்ப்பும் தொடங்கும். புளிப்பான காய் ஊறுகாய்க்கு உதவும். கனி உண்பதற்கு ஆகும். மிகையாகக் கத்தரித்தால் காய்ப்புக் குறையும் என்பதை நினைவிற் கொள்க. நெசவாளர்கள் பாவடிக்கு அருகில் இதனை நடாதிருத்தல் நலம். முள்ளில் இழை சிக்கும்.

நாம் குறிப்பிட்ட அவ்விருவரும் பின்னர் வழக்கைத் தம்முள் முடித்துக்கொண்டு, நிலத்தை அளந்து கல் நாட்டி, எல்லையில் களா நட்டனர். நாற்றுச் செலவு ஆளுக்குப் பாதி. அவரவர் பக்கத்துக் காய் அவரவர்க்கு. சென்ற முறை நாம் கண்டபோது வேலி மார்பளவு உயர்ந்திருந்தது. இருவர் கணக்கிலும் ஒரு தவணையே பாக்கி நின்றது.

ஆகவே அங்கத்தினர்களுக்கு நாம் கூறுவது இதுவே: எல்லையை அளந்து, அண்டை நிலத்தாரின் இசைவையும் பெற்ற பின்னரே குழி தோண்டுக.