அன்னா மாக்னானியும் என் இங்கிலீஷும்

நேத்து ராத்திரி ‘ரோம், ஓப்பன் சிட்டி’ (1945) பார்த்தேன். கல்யாண நாளன்னிக்கே மாப்பிள்ளையை ஜெர்மன்காரங்க லாரியில ஏத்திட்டுப் போறாங்க. பின்னாடியே பேரைச் சொல்லிக் கத்திக்கிட்டு ஓடுறா ஒருத்தி. சுட்டுடுறாங்க. தூக்கம் போச்சு மக்களே!

அவங்கதான் அன்னா மாக்னானி. 1908-ல் ரோமில் பிறந்தவர். அதுவரை சின்னச் சின்ன வேஷம், மேடையில் தோத்தோவோட காமெடி. இந்த ஒரே படத்தில் உலகமே திரும்பிப் பார்த்தது.

டென்னசி வில்லியம்ஸ் ‘தி ரோஸ் டாட்டூ’ நாடகத்தை இவங்களை மனசுல வெச்சுத்தான் எழுதினார். ஆனா 1951-ல் பிராட்வே மேடையில நடிக்க இவங்க ஒத்துக்கல. காரணம்? இங்கிலீஷ் சரியா வராது! 1955-ல் அது படமானப்போ துணிஞ்சு நடிச்சாங்க. சிசிலியிலிருந்து அமெரிக்கா வந்த தையல்காரி வேஷம். இத்தாலிய வாடையடிக்கிற இங்கிலீஷ். 1956-ல் சிறந்த நடிகைக்கான ஆஸ்கார்! அப்ப அம்மணி ரோமில், வீட்டுல இருந்தாங்க.

நாளைக்கு எனக்கு தீசிஸ் பிரசன்டேஷன். மூணு நாளா கண்ணாடி முன்னாடி நின்னு இந்த ஊர்க்காரன் மாதிரி பேசிப் பழகிட்டிருந்தேன். இன்னிக்கு நிறுத்திட்டேன். மதுரை வாடையோடயே பேசிடப் போறேன்.

வாழ்த்திட்டுப் போங்க :)