உமறு என்னும் பெயர்

கோவிற்பட்டியினின்று கிழக்கே விளாத்திகுளம் நோக்கிச் செல்லும் சாலையிலுள்ளது எட்டையபுரம். கவி சுப்பிரமணிய பாரதியார் 1882ஆம் ஆண்டிற் பிறந்த இல்லத்தைக் காண மாணவர் பலர் அங்குச் செல்வர். சீறாப்புராணம் பாடிய உமறுப்புலவர் அடங்கியிருக்கும் இடமும் அவ்வூரிலேயே உளது. அதனையுங் கண்டு மீள்வோருள், உமறு என்பதன் பொருள் யாதென வினாவுவோர் அரியர் என்றே எண்ணுகின்றோம். வேலன் என்பதற்குப் பொருள் கூறுவோம். சாமுவேல் என்பதற்கு எபிரேயப் பொருளை வேதாகம வகுப்பிற் கற்போம். கரிசற் சீமையில் முந்நூறாண்டாக வழங்கும் ஒரு பெயரை மட்டும் வெற்றோசையாக விட்டுவிடுதல் முறையாகுமா? ஆதலின் அதனை ஈண்டு ஆராயப் புகுந்தோம்.

அரபிச் சொற்கள் பெரும்பாலும் மூன்று மெய்களாலாய வேரினின்று கிளைப்பன. இப்பெயரின் வேருக்கு முதலெழுத்து 'ஐன்' எனப்படுவது. மிடற்றினடியை நெருக்கி ஒலிப்பது. தமிழில் அதற்கு எழுத்தில்லை. ஏனைய இரண்டும் மகரமும் ரகரமுமாம். வாழ்தல், நெடிதிருத்தல், குடியேறுதல், நிலத்தைப் பண்படுத்தல், கட்டுதல் என்பன இவ்வேரின் பொருள்கள். 'உம்ர்' என்பது ஆயுள். இந்துஸ்தானியில் வயதைக் குறிப்பதும் அச்சொல்லே. மக்கமாநகருக்குச் செய்யும் சிறு யாத்திரையாகிய 'உம்றா'வும் இவ்வேரினதே. குடியிருந்து உழுது பயன்கொள்ளும் நிலம் 'ஆமிர்'. கைவிடப்பட்ட தரிசோ 'மவாத்', அஃதாவது செத்த நிலம். இறைவன் மாந்தரை மண்ணினின்று உண்டாக்கி அதிலேயே குடியமர்த்தினான் எனச் சாலிஹ் நபி உரைக்குமிடத்தும் (திருக்குர்ஆன், 11:61) இவ்வேர்ச்சொல்லே வருகின்றது. அரபி இலக்கணமுடையார், உமர் என்பதை ஆமிர் என்பதன் திரிபாகக் கொள்வர். எனவே, நெடிது வாழ்பவன் என்பதோடு, நிலத்தை வாழ்விப்பவன் என்னும் பொருளும் இப்பெயரின்கண் தொனிக்கின்றது. கோடையிற் பாளம் பாளமாக வெடித்து, ஐப்பசி மழையை எதிர்நோக்கிக் கிடக்கும் கரிசலிற் பருத்தியும் கம்பும் சோளமும் விதைக்கும் குடிகட்கு, உயிருள்ள நிலம் இது, செத்த நிலம் இது என்பதை எவரும் விளக்க வேண்டுவதில்லை.

ஆதியாகமம் 36ஆம் அதிகாரத்தில், ஏசாவின் பேரருள் ஒருவன் ஓமார் எனப்படுகின்றான். இரண்டும் ஒன்றென மயங்குதல் எளிது. ஆயினும் எபிரேயத்தில் அப்பெயரின் முதலெழுத்து ஐனுக்கு நேராவதன்று. 'ஆலெப்' என்னும் வேறெழுத்து. அதனைச் சொல்லுதல் என்னும் பொருளுடைய வேரோடு சார்த்துவர். இரண்டு எழுத்தும் தமிழில் மறைந்துவிடுதலாலேயே இம்மயக்கம் நேர்கின்றது.

இப்பெயர் இஸ்லாம் தோன்றுமுன்னரே அரபியரிடை வழங்கியது. அதனை உலகறியச் செய்தவர் கத்தாபின் மைந்தராகிய உமர். 634 முதல் 644 வரை இரண்டாம் கலீபாவாக ஆண்ட அவர் காலத்திலேதான் ஹிஜ்ரி ஆண்டுக்கணக்கு நிலைபெற்றது. நம்மிடை வழங்கும் பாறூக் என்னும் பெயரும் அவருடைய சிறப்புப் பெயரே. நன்மை தீமைகளைப் பிரித்தறிபவர் என்பது பொருள். சுன்னி வகுப்பினர் இவ்விரு பெயரையும் விரும்பி இடுவர். ஷியா வகுப்பினரோ, கலீபா உரிமை பற்றிய பழம் பிணக்கினால், உமர் என்னும் பெயரைப் பெரும்பாலும் இடுவதில்லை.

இனி, தமிழுரு. 'ர்' தமிழில் மொழிக்கு ஈறாகுமாதலின் உமர் என்றே நிறுத்தியிருக்கலாம். ஆயினும் நம் முன்னோர் உகரங் கூட்டி உமறு என்றனர். அங்ஙனம் ஆனமையால் அது கயிறு, வரகு என்பவற்றோடொப்ப உயிர்த்தொடர்க் குற்றியலுகரமாய்த் தமிழ்ச்சொற்களோடு ஒருங்கமர்ந்துவிட்டது. கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளையவர்கள் மொழிபெயர்த்த நூலின் பெயரிலே 'உமார் கய்யாம்' என நீண்டொலிப்பது ஆங்கில வழி வந்த வடிவம். அரபியில் இரண்டுயிரும் குறிலே. எமக்கு உமறு என்பதே இனிக்கின்றது. செய்கு அப்துல் காதிர் என்பது சீதக்காதி என மருவியதை நோக்க, இப்பெயர் அடைந்த மாற்றம் மிகச் சிறிதே.

எட்டையபுரம் சமஸ்தானப் புலவராகிய கடிகைமுத்துப் புலவரிடம் தமிழ் கற்ற உமறுப்புலவர், அச்சீதக்காதி வள்ளலின் தூண்டுதலாற் சீறாப்புராணத்தைத் தொடங்கி, அவர் காலத்திற்குப்பின் அபுல்காசிம் மரைக்காயரின் ஆதரவிற் பாடினார் என்ப. 'சீறா' என்பதும் அரபிச் சொல்லே. வாழ்க்கை வரலாறு என்பது பொருள். ஆயுளைக் குறிக்கும் வேரிற் பிறந்த பெயருடையார் வாழ்வைக் குறிக்கும் சொல்லைத் தம் நூற்குப் பெயராகப் பெற்றனர். அந்நூலின் நுபுவ்வத்துக் காண்டத்திலே, கத்தாபின் மைந்தர் உமர் ஈமான் கொண்ட வரலாற்றுக்கெனத் தனிப்படலம் உண்டு. நபிகள் நாயகத்தைக் கொல்ல வாளேந்திப் புறப்பட்டவர் மனந்திரும்பிய அவ்வரலாற்றைக் கேட்கும் கிறிஸ்தவ மாணவர், தமஸ்கு வழியிற் சென்ற சவுலை நினையாதிரார். தம் பெயருடையாரை அவ்விடத்துப் பாடும்பொழுது புலவருள்ளம் எங்ஙனம் இருந்திருக்குமோ!

புலவர் அடங்கிய இடத்திலுள்ள கட்டடம் 1912ஆம் ஆண்டிற் கோனார் குலத்தார் ஒருவரால் எழுப்பப்பட்டது என்பர். 2007ஆம் ஆண்டில் தமிழ்நாட்டு அரசினர் அவருக்கு அவ்வூரில் மணிமண்டபமும் அமைத்தனர்.