விளையாட்டில் ஒரு வினா, விண்ணப்பத்தில் ஒரு வினா

கணினியிலே கதை சொல்லும் விளையாட்டுகளை யட்டவத்தப் பக்கத்து மாணவர்களும் இன்று நன்கு அறிவர். கதை ஓரிடத்தில் நிற்கும். திரையிலே இரண்டு மூன்று விடைகள் தோன்றும். ஆடுபவர் ஒன்றைத் தெரிவு செய்தால் கதை தொடரும்.

2023ஆம் ஆண்டிலே கனடாவின் விசை கேம்ஸ் நிறுவனம் வெளியிட்ட 'வெண்பா' அத்தகையது. அதிலும் நம்மவர் கதை. 1988இல் கனடாவிலே புதிதாகக் குடியேறி வாழும் வெண்பா என்னும் மாது, தன் அன்னையின் சிதைந்த சமையற் குறிப்பேட்டைக் கொண்டு இட்டலியும் புட்டும் சமைக்கிறாள். மகன் கவினோ பள்ளித் தோழரைப் போலிருக்கவே விரும்புகிறான். தாயின் சார்பில் நாம் எவ்விடையைத் தெரிந்தாலும் அவன் சற்று விலகியே போகிறான். இதை ஆட்டத்தின் குறை என்பாருமுளர். எனக்கோ அதுவே மெய்யாகத் தோன்றுகிறது. அவனை ஆக்கிய பள்ளியும் தெருவும் தாயின் கையில் இல்லையே!

இத்தகைய தெரிவு மாத்தளை மாவட்டத்துத் தோட்டத் தமிழருக்குப் புதிதன்று. 1948ஆம் ஆண்டுச் சட்டம் அவர்களுட் பெரும்பாலோரைப் பிரஜாவுரிமை அற்றவராக்கிற்று. பின்னர், 30-10-1964இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் கைச்சாத்தாயிற்று. 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பேசுவதென்று தீர்மானித்தனர். இத்தொகைகளெல்லாம் முடிவான பின்னரே, "இந்தியாவா, இலங்கையா?" என்னும் விண்ணப்பம் லயத்து வாசலுக்கு வந்தது. இந்தியாவை வேண்டி விண்ணப்பித்தவர் தொகையோ ஒதுக்கியதைவிடக் குறைந்தே நின்றது.

ஒரு குடும்பம் எதைக் கொண்டு தீர்மானிக்கும்? உற்றார் எப்பக்கம் சாய்கின்றனர், பெண் கொடுத்த வீடு எங்கே, பிள்ளைக்கு வேலை எங்கே கிட்டும், தோட்டத்தில் என்ன வதந்தி உலவுகிறது என்பவற்றைக் கொண்டுதான். அண்ணன் தலைமன்னாரிலே கப்பலேறத் தம்பி இங்கேயே தங்கிய வீடுகள் பல.

பெயரைத் தானும் அவர்கள் தெரியவில்லை. இலங்கைக் குடிசனக் கணக்கிலே அவர்கள் 'இந்தியத் தமிழர்' எனப்பட்டனர். மண்டபம் முகாமைக் கடந்து நீலகிரித் தேயிலைத் தோட்டங்களை அடைந்தவரை அவ்வூரார் 'சிலோன்காரர்' என்றனர். ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகளுக்குக் கடலின் இருகரையிலும் அயலார் பெயர்!

2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம், 30-10-1964 முதல் இலங்கையிலேயே வாழ்ந்து வந்த இந்திய வம்சாவளியினருக்கும் அவர்தம் சந்ததியாருக்கும் பிரஜாவுரிமை வழங்கிற்று. அதற்குள் நீலகிரியிலே 'சிலோன்காரர்' வீடுகளில் பேரப் பிள்ளைகளும் பிறந்துவிட்டனர்.