கடலோர மாளிகையும் நம் பால்வாளியும்



பினாங்குக்குப் போனால் என்னென்ன பார்ப்பீர்கள்? கொடிமலை, தண்ணீர்மலை முருகன் கோயில், பாம்புக் கோயில். எங்கள் பள்ளிச் சுற்றுலாவும் அந்த வழக்கப்படிதான். சென்ற முறை ஃபார்குவார் சாலையில் நெரிசலில் பஸ் நின்றது. பக்கத்தில் வெள்ளை வெளேரென்று ஒரு மாளிகை.

"சார், இது யாரு வீடு?" என்றான் நான்காம் வகுப்புப் பையன் ஒருவன்.

"வீடு இல்லைடா, ஈஸ்டர்ன் அண்ட் ஓரியண்டல் ஹோட்டல்."

"நம்ம ஆளுங்க இங்க தங்கியிருக்காங்களா சார்?"

பஸ் நகர்ந்துவிட்டது. அவனுக்குச் சொல்ல நினைத்ததை உங்களுக்கும் சேர்த்து எழுதுகிறேன்.

பாரசீக நாட்டிலிருந்து பிழைக்க வந்த ஆர்மீனியர்கள் சார்க்கீஸ் சகோதரர்கள். அவர்களில் மார்ட்டினும் திக்ரானும் 1884இல் பினாங்கில் ஈஸ்டர்ன் ஹோட்டலைத் தொடங்கினார்கள். பிறகு கடலோரத்து ஓரியண்டலும் அதனோடு சேர்ந்தது. சிங்கப்பூரின் ராஃபிள்ஸ் ஹோட்டலும் இதே சகோதரர்கள் 1887இல் திறந்ததுதான். பினாங்கு ஹோட்டலைக் கடைசித் தம்பி அர்ஷாக் நடத்தினார். 1920களில் 100 அறைகள், குழாயில் சுடுநீர், டெலிபோன், கடலை ஒட்டி 842 அடி நீளப் புல்தரை. சூயஸுக்குக் கிழக்கே இதுதான் முதல்தரம் என்று விளம்பரம் செய்தார்கள். சாமர்செட் மாம் போன்ற எழுத்தாளர்களும் வந்து தங்கினார்கள்.

ஆனால் ஹோட்டலுக்கு வாடிக்கையாகப் பணம் கொட்டியவர்கள் எழுத்தாளர்கள் அல்லர். தோட்டத்துத் துரைமார்களும் ஈயச் சுரங்க முதலாளிகளும்தான். காட்டுக்குள் மாதக்கணக்கில் அடைந்து கிடந்த துரை, விடுமுறை கிடைத்ததும் பினாங்குக்கு ஓடுவார். சீட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டுக் குடிப்பார். கையில் காசில்லாத துரையிடம் அர்ஷாக் கடனைக் கேட்கவே மாட்டாராம். நல்ல மனுஷர்தான். அந்தத் தாராளத்துக்கு அடியில் இருந்தது ரப்பர் விலை. விடியுமுன் பிரட்டுக்கு நின்று, பால்வாளியோடு நிரைக்குள் இறங்கிய நம் முன்னோரின் பாடு.

அவர்களும் பினாங்கு வழியாகத்தான் வந்தார்கள். நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறி வந்த தளத்துப் பயணிகளுக்கு முதல் தங்கல் ஜெரெஜாக் தீவின் தடுப்பு முகாம். துரைக்குக் கடல் பார்த்த அறை. கூலிக்கு முகாமில் மருந்து வாடை. கரை ஒன்றுதான்.

1929இல் உலக மந்தம் தொடங்கியது. ரப்பர் விலை அதலபாதாளத்துக்குப் போனது. தோட்டங்களில் கூலியைக் குறைத்தார்கள், ஆட்களைக் கழித்தார்கள். பல்லாயிரம் தமிழர்களைக் கப்பலேற்றி ஊருக்கே திருப்பி அனுப்பினார்கள். அதே விலைச் சரிவு ஹோட்டலையும் விடவில்லை. 1931 தொடக்கத்தில் அர்ஷாக் இறந்தார். அந்த ஆண்டே சார்க்கீஸ் நிறுவனம் திவாலானது. செய்தித்தாள்கள் திவாலை எழுதின. திரும்பிப் போனவர்களின் பெயரை யார் எழுதினார்கள்?

1941 டிசம்பரில் ஜப்பான் விமானங்கள் குண்டு போட்டன. வெள்ளைக்காரர்கள் இரவோடு இரவாகத் தீவைவிட்டுப் போனார்கள். மற்ற இனத்தாரிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. குண்டுவீச்சு நிற்கட்டும் என்று கார்ன்வாலிஸ் கோட்டையில் பறந்த பிரிட்டிஷ் கொடியை இறக்கியவர் யார் தெரியுமா? பத்திரிகை ஆசிரியர் சரவணமுத்து, இலங்கைத் தமிழர். ஊர்மக்களைக் காக்க அமைந்த குழுவுக்கும் அவரே தலைவர். அந்தக் கோட்டை ஹோட்டலுக்குத் தொலைவில் இல்லை.

போருக்குப் பின் ஹோட்டல் மெல்ல மங்கியது. 1996இல் மூடி, புதுப்பித்து, 2001இல் திறந்தார்கள். 2008இல் ஜார்ஜ்டவுன் உலகப் பாரம்பரிய நகரமானது. இன்று காசு கொடுத்தால் யாரும் தங்கலாம். நம் தோட்டங்களில் பால்மரம் போய்ச் செம்பனை வந்துவிட்டது. ஓர் இரவு வாடகையை நம் சம்பளத்தோடு ஒப்பிட்டுப் பார்ப்பதை உங்களிடமே விடுகிறேன்.

அடுத்த சுற்றுலாவில் கோட்டைப் பக்கம் பஸ்ஸை நிறுத்தச் சொல்லியிருக்கிறேன். கடற்சுவரில் பிள்ளைகளை உட்கார வைத்து, அவர்களின் கொள்ளுத்தாத்தா கப்பல் வந்த திசையைக் காட்ட வேண்டும்.