கோக்கேஷி: ஜப்பான் மரப்பொம்மை சொல்லும் பாடம்



"எங்களுக்குப் பிறகு இந்தக் கைத்தொழிலை யார் செய்வா?" என்று குழுக் கூட்டங்களில் பலரும் கேட்கிறீர்கள். இதே கேள்வி ஜப்பான் நாட்டு மரப்பொம்மைக்காரர்களுக்கும் உண்டு. அவர்கள் என்ன செய்கிறார்கள் என்று பார்ப்போம்.

கோக்கேஷி என்றால் என்ன?

ஜப்பானின் வடகிழக்கில் உள்ளது தோஹோகு பகுதி. அங்கே வெந்நீர் ஊற்றுகள் அதிகம். அறுவடை முடிந்ததும் விவசாயிகள் உடம்பு அலுப்பு தீர அங்கே போய்த் தங்கிக் குளிப்பாங்க. மரக் கிண்ணம், தட்டு கடைந்து வந்த கடைசல்காரர்கள், சுமார் 200 வருஷத்துக்கு முன்னால், அவர்கள் பிள்ளைகளுக்கு வாங்கிப் போகப் பொம்மை செய்து விற்றார்கள். அதுதான் கோக்கேஷி. உருண்டைத் தலை, உருளை உடம்பு. கை கால் கிடையாது.

எப்படிச் செய்கிறார்கள்?

மரத்தைப் பட்டை உரித்து மாதக்கணக்கில் காய வைக்கணும். ஈரம் இருந்தா வெடிச்சிடும். பிறகு கடைசல் இயந்திரத்தில் சுழலவிட்டு உளியால் கடைவார்கள். சுழலும்போதே தூரிகையை வைத்தால் உடம்பில் வளையம் விழும். முகமும் பூவும் கையால் வரைவது. நருகோ ஊர்ப் பொம்மையின் தலையைத் திருப்பினால் 'கீச்' என்று சத்தம் வரும்!

என்ன ஆபத்து?

பிளாஸ்டிக் பொம்மை வந்ததும் பிள்ளைகள் அந்தப் பக்கம் போயிட்டாங்க. பெரியவர்கள் ஆசையாக வாங்கிச் சேர்ப்பதால்தான் தொழில் நிற்கிறது. செய்பவர்களுக்கு வயதாகிறது. ஒவ்வொரு வடிவமும் குருவிடமிருந்து சீடருக்குப் போவது. சீடர் இல்லைன்னா அந்த வடிவம் அவரோடயே முடிஞ்சிடும்.

எப்படிக் காப்பாற்றுகிறார்கள்?

1. 1974-ல் பாரம்பரியக் கைத்தொழிலுக்கு அரசு சட்டம் போட்டது. மியாகி மாகாணக் கோக்கேஷி 1981-ல் அதில் சேர்ந்தது. புதியவர்களைப் பழக்க உதவி உண்டு. தரம் பார்த்த பொருளுக்கு முத்திரையும் உண்டு. ஆனால் ஒரு பகுதியில் 10 தொழிலகமோ 30 பேரோ அந்தத் தொழிலைச் செய்யணும் என்பது அளவுகோல். தனி ஆளுக்குக் கிடைக்காது, கூட்டா இருந்தாத்தான் கிடைக்கும்.

2. ஷிரோயிஷி நகரில் 1959-ல் அகில ஜப்பான் கோக்கேஷிப் போட்டி தொடங்கினார்கள்.

3. பொம்மையின் அடியில் செய்தவர் பெயரை எழுதுகிறார்கள். வாங்குபவர் பெயரைத் தேடி மறுபடி வருகிறார்.

4. வருகிறவர்களே வர்ணம் தீட்டிப் பார்க்கப் பட்டறையில் இடம் தருகிறார்கள்.

நாம் யோசிக்க வேண்டியது

நம்ம குழு செய்யும் பொருளில் குழுவின் பெயர் இருக்கா? தொழில் தெரிந்த மூத்த உறுப்பினர் ஒவ்வொருவரும் யாருக்காவது கற்றுத் தருகிறாரா? அடுத்த கூட்டத்தில் இந்த இரண்டையும் பேசி, முடிவைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதுங்கள்.