பிரமிடைப் பார்க்கப் போனேன். கிணற்றில் இறங்கி வந்தேன்!

மெக்ஸிகோ நாட்டுக்குப் போய்க் கிணற்றில் இறங்கிக் குளித்துவிட்டு வந்தேன் என்று சொன்னால், "அதுக்கு இங்கேயே குளிச்சிருக்கலாமே!" என்று கேலி பண்ணுகிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லி மாளவில்லை. அதனால் நம் வாசகிகள் பகுதிக்கே எழுதிவிட்டேன். போகிறவர்களுக்கு உதவும். போகாதவர்களும் தெரிந்துகொள்ள நல்ல விஷயம் இதில் இருக்கிறது.

ஹூஸ்டனில் இருக்கும் அக்கா வீட்டுக்குப் போயிருந்தபோது, எல்லோருமாகச் சேர்ந்து கான்கூன் என்கிற கடற்கரை ஊருக்கு நாலு நாள் போனோம். அங்கிருந்து சுமார் 200 கிலோமீட்டர் தள்ளி, யுகட்டான் மாநிலத்தில் இருக்கிறது சிச்சென் இட்ஸா. மாயா இனத்து மக்கள் கட்டிய பழைய நகரம். 1988-ல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. 2007-ல் வாக்கெடுப்பு வைத்துப் புதிய ஏழு அதிசயங்களைத் தேர்ந்தெடுத்தார்களே, அதில் நம் தாஜ்மகாலோடு இதுவும் ஒன்று. பஸ், வழிகாட்டி, மதியச் சாப்பாடு, கடைசியில் குளியல் எல்லாம் சேர்த்து ஒரே நாள் சுற்றுலாவாகக் கூட்டிப் போகிறார்கள்.

எங்களுக்கு வழிகாட்டியாக வந்தவர் ஐம்பது வயது மதிக்கத்தக்க மாயா அம்மா. கழுத்தைச் சுற்றிப் பூவேலை செய்த வெள்ளை உடை. அதற்கு 'உய்பில்' என்று பெயராம். வீட்டில் மாயா, பள்ளிக்கூடத்தில் ஸ்பானிஷ், வேலைக்கு ஆங்கிலம் என்று மூன்று மொழி பேசினார். எனக்குப் புரியாததை அக்கா மகள் தமிழில் சொன்னாள். மாயா மக்கள் அழிந்துபோனவர்கள் என்று சிலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. யுகட்டான் பக்கத்து மாயா மொழியை மட்டும் இன்றைக்கும் ஏழு லட்சம் பேருக்கு மேல் பேசுகிறார்கள்.

பஸ் இரண்டு மணி நேரம் ஓடியிருக்கும். அந்த அம்மா எழுந்து நின்று ஒரு கேள்வி கேட்டார்: "இவ்வளவு தூரம் வந்தோமே, வழியில் ஒரு ஆறாவது பார்த்தீர்களா?"

யோசித்துப் பார்த்தால், பார்க்கவே இல்லை! இரண்டு பக்கமும் பச்சைக்காடு. ஆனால் ஒரு பாலம் இல்லை, ஓடை இல்லை. யுகட்டானின் வடபகுதியில் தரைமேல் ஓடுகிற ஆறே கிடையாதாம். நிலம் முழுக்கச் சுண்ணாம்புப் பாறை. பெய்கிற மழையெல்லாம் சல்லடையில் ஊற்றின மாதிரி கீழே இறங்கிவிடும். பூமிக்கு அடியில் குகைகளில்தான் தண்ணீர் ஓடுகிறது. அங்கங்கே குகையின் கூரை இடிந்து விழுந்து, தண்ணீர் வெளியே தெரிகிற பள்ளங்களுக்குத்தான் 'செனோட்டே' என்று பெயர். கிணறு மாதிரி வட்டமாக இருக்கும். ஆனால் மனுஷன் வெட்டினதல்ல.

இன்னொரு அதிசயமும் சொன்னார். 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன் ஒரு பெரிய விண்கல் இந்தப் பக்கத்தில்தான் வந்து மோதியது. டைனோசர்கள் அழிந்ததற்குக் காரணம் என்று விஞ்ஞானிகள் சொல்வது இதைத்தான். அந்தப் பள்ளம் மண்மூடிப் போய்விட்டது. ஆனால் அதன் விளிம்பை ஒட்டி ஏராளமான செனோட்டேக்கள் அரைவட்டமாக வரிசை கட்டி நிற்கின்றன.

சிச்சென் இட்ஸா என்கிற பெயருக்கே 'இட்ஸா மக்களின் கிணற்று வாய்' என்றுதான் அர்த்தம். ஊருக்குக் கோபுரத்தால் பெயர் வரவில்லை, கிணற்றால் வந்திருக்கிறது!

உள்ளே நுழைந்ததும் கண்ணில் படுவது குக்குல்கான் பிரமிடு. குக்குல்கான் என்றால் இறகு முளைத்த நாக தெய்வம். உச்சியில் இருக்கிற கோயிலோடு சேர்த்துச் சுமார் 30 மீட்டர் உயரம். நாலு பக்கமும் பக்கத்துக்கு 91 படிகள். கூட்டினால் 364. மேலே இருக்கிற மேடையும் ஒன்று. ஆக 365! ஒரு வருஷத்து நாட்களைக் கல்லில் அடுக்கி வைத்திருக்கிறார்கள். மார்ச்சிலும் செப்டம்பரிலும் பகலும் இரவும் சமமாக வருகிற நாட்களில், மாலை வெயிலில் படிக்கட்டின் ஓரத்தில் முக்கோண நிழல்கள் விழும். ஒரு பாம்பு மேலிருந்து நெளிந்து இறங்குகிற மாதிரியே இருக்குமாம். நாங்கள் போனது வேறு மாதம். அதனால் பார்க்கக் கொடுத்து வைக்கவில்லை.

படிக்கு எதிரே நின்று கைதட்டினால், எதிரொலி பறவை கீச்சிடுகிற மாதிரி திரும்பி வருகிறது. எல்லோரும் குழந்தைகள் மாதிரி தட்டிக்கொண்டே நின்றோம். 2006-லிருந்து மேலே ஏற அனுமதி இல்லை. ஒரு பெண்மணி படியிலிருந்து விழுந்து இறந்த பிறகு நிறுத்திவிட்டார்கள். அந்தப் படிகளின் செங்குத்தைப் பார்த்தால் நிறுத்தினது நல்லதுதான் என்று தோன்றும்.

2015-ல் மெக்ஸிகோ விஞ்ஞானிகள் தோண்டாமலே மின்சாரத்தைச் செலுத்தி இந்த பிரமிடை ஆராய்ந்தார்கள். அப்போது தெரிந்தது, இதன் அடியிலேயே தண்ணீர் நிறைந்த ஒரு செனோட்டே இருக்கிறது என்று. ஆயிரம் வருஷத்துப் பிரமிடு தண்ணீரின் தலைமேல் உட்கார்ந்திருக்கிறது!

பந்து விளையாடும் மைதானம் 168 மீட்டர் நீளம். சுவரில் ஆறு மீட்டர் உயரத்தில் கல் வளையம். கனமான ரப்பர் பந்தைக் கையால் தொடாமல் இடுப்பாலேயே தட்டி விளையாடுவார்களாம். கீழே சுவரில், தலை வெட்டப்பட்ட ஆட்டக்காரரின் சிற்பம். பார்க்கவே வயிற்றைக் கலக்கியது.

பிறகு ஒரு நீண்ட பாதை வழியாகப் புனிதக் கிணற்றுக்குக் கூட்டிப் போனார். சுமார் 60 மீட்டர் அகலம். பச்சைக் குழம்பு மாதிரி தண்ணீர். இதில் யாரும் இறங்கக் கூடாது. சாக் என்கிற மழை தெய்வத்துக்குக் காணிக்கை போட்ட இடம் இது. 1904-லிருந்து எட்வர்ட் தாம்ஸன் என்ற அமெரிக்கர் இதைத் தூர் வாரியபோது தங்கம், பச்சைக்கல், செம்பு மணி, சாம்பிராணி மாதிரியான பிசின் எல்லாம் கிடைத்தன. மனித எலும்புகளும் கிடைத்தன.

அழகான கன்னிப் பெண்களைத்தான் இதில் தள்ளினார்கள் என்று ரொம்ப காலம் கதை கட்டி விட்டிருந்தார்கள். எலும்புகளைப் பரிசோதித்துப் பார்த்தால் ஆண்கள், பெண்கள், குழந்தைகள் எல்லோருமே இருந்தார்கள். இதோடு போகவில்லை. 1967-ல் இதற்குப் பக்கத்தில் ஒரு நிலத்தடித் தொட்டியில் நூற்றுக்கும் மேற்பட்ட குழந்தைகளின் எலும்புகள் கிடைத்தன. அவர்களில் 64 பேரின் மரபணுவை ஆராய்ந்து 2024-ல் முடிவை வெளியிட்டார்கள். அத்தனை பேரும் ஆண் குழந்தைகள். அதில் இரண்டு ஜோடி இரட்டையர். பலர் ஒருவருக்கொருவர் நெருங்கிய சொந்தம். இதைக் கேட்டதும் அக்கா என் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள். மழை பெய்யாவிட்டால் சோளம் இல்லை, சோளம் இல்லாவிட்டால் சோறு இல்லை என்கிற பயம் மனிதர்களை என்னவெல்லாம் செய்ய வைத்திருக்கிறது! அந்தத் தாய்மார்கள் அன்றைக்கு எங்கே நின்றிருப்பார்கள் என்றுதான் என் மனசு ஓடியது.

அதே ஊரில் ஷ்டோலோக் என்று இன்னொரு கிணறு உண்டு. அதுதான் குடிக்கவும் சமைக்கவும். சாமிக்கு ஒன்று, வீட்டுக்கு ஒன்று என்று பிரித்து வைத்து வாழ்ந்திருக்கிறார்கள்.

மதியச் சாப்பாட்டு இடத்தில் ஒரு பெண் மக்காச்சோள மாவைக் கையால் தட்டி, 'தோர்த்தியா' என்கிற ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தாள். பக்கத்தில் மூன்று கால் வைத்த கல், மேலே உருட்ட ஒரு குழவி. அசல் நம்ம அம்மி! சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணீரில் வேகவைத்து ஊறப்போட்டுத்தான் அரைக்கிறார்கள். அப்படிச் செய்தால்தான் சோளத்தில் இருக்கிற வைட்டமின் உடம்பில் ஒட்டுமாம். எந்தப் படிப்பும் இல்லாத காலத்தில் எந்தப் பாட்டி கண்டுபிடித்தாளோ! நம் சமையலில் இல்லாமல் முடியாத மிளகாயும் தக்காளியும் இந்த அமெரிக்கக் கண்டத்திலிருந்துதான் கப்பலேறி வந்தவை. ஆபனேரோ என்று ஒரு மிளகாய்ச் சட்னி வைத்தார்கள். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

கடைசியில் இக் கில் என்கிற செனோட்டேக்குப் போனோம். மேலே நின்று எட்டிப் பார்த்தால், 26 மீட்டர் கீழே கருநீலத் தண்ணீர். சுற்றிலும் செடிகொடிகள். மேலேயிருந்து மர வேர்கள் ஜடை பிரித்துப் போட்ட மாதிரி தண்ணீர் வரை தொங்குகின்றன. கல்லில் செதுக்கிய படி வழியாக இறங்க வேண்டும். முதலில் குளியலறையில் உடம்பைக் கழுவிக்கொள்ள வேண்டும். எண்ணெய், க்ரீம், கொசு மருந்து எதுவும் உடம்பில் இருக்கக் கூடாது. மிதவை ஜாக்கெட் கட்டாயம்.

எனக்கு நீச்சல் தெரியாது. எங்கள் ஊர்க் கிணற்றில் ஆம்பிளைப் பிள்ளைகள் குதிக்கும்போது நாங்கள் மேட்டில் நின்று துணிகளுக்குக் காவல் இருப்போம். அவ்வளவுதான் எனக்கும் கிணற்றுக்கும் உள்ள பழக்கம். இங்கேயும் பையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்துவிடலாம் என்றுதான் இருந்தேன். "நமக்கெதுக்குடி இந்த வயசுல" என்று அக்காவும் சொன்னாள். வழிகாட்டி அம்மா என்னருகில் வந்து உட்கார்ந்தார். "என் பாட்டி ஆயுசு பூரா கிணற்றிலிருந்து தண்ணீர் சுமந்தாள். ஒரு நாளும் அதில் இறங்கினதில்லை. நான் என் நாற்பதாவது வயதில் இறங்கினேன்" என்றார். அக்கா மகள் தமிழில் சொல்லி முடித்ததும், "வா சித்தி" என்று கையை நீட்டினாள்.

டீ-ஷர்ட், லெக்கிங்ஸோடு இறங்கினேன். தண்ணீர் ஜில்லென்று இருந்தது. காலுக்கடியில் தரை இல்லை என்று தெரிந்தபோது நெஞ்சு படபடவென்று அடித்துக்கொண்டது. பிறகு ஜாக்கெட் தூக்கிப் பிடித்துக்கொண்டது. மல்லாந்து படுத்தேன். மேலே வட்டமாக வானம். குட்டிக் கெளுத்தி மீன்கள் காலை உரசிப் போயின. யாரும் என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அரைமணி நேரம் மிதந்தேன். பத்து நிமிஷம் கழித்து அக்காவும் இறங்கிவிட்டாள்!

பஸ் திரும்பும்போது அந்த அம்மா சொன்னதையும் எழுதியாக வேண்டும். இத்தனை கிணறுகளுக்கும் அடியில் தண்ணீர் தொடர்பு இருக்கிறது. ஓரிடத்தில் கழிவு இறங்கினால் வேறெங்கோ ஒரு வீட்டுக் குடத்தில் வந்து சேரும். ஹொமுன் என்கிற ஊரில் 49,000 பன்றிகளோடு ஒரு பெரிய பண்ணை வந்தபோது, எங்கள் தண்ணீர் கெட்டுவிடும் என்று மாயா குழந்தைகள் சார்பில் வழக்குப் போட்டார்கள். 2018-ல் நீதிமன்றம் பண்ணையை நிறுத்தி வைத்தது. 2021-ல் மெக்ஸிகோ உச்ச நீதிமன்றமும் அந்தத் தடையை உறுதி செய்தது. ஒரு காலத்தில் தண்ணீருக்காகக் குழந்தைகளைப் பலி கொடுத்த மண்ணில், இன்றைக்குக் குழந்தைகள் பெயராலேயே தண்ணீரைக் காப்பாற்றியிருக்கிறார்கள்!

2023 டிசம்பரில் ஓடத் தொடங்கிய 'மாயா ரயில்' பாதைக்காக, குகைகளுக்குள் தூண்களை இறக்கியிருக்கிறார்கள் என்ற வருத்தமும் அங்கே இருக்கிறது. க்ரீமைக் கழுவிவிட்டு இறங்கச் சொல்வது வெறும் சட்டத்துக்காக அல்ல என்று அப்போதுதான் புரிந்தது.

போகிற சகோதரிகளுக்குச் சில குறிப்புகள்:

கான்கூனைவிட யுகட்டான் மாநிலத்தில் கடிகாரம் ஒரு மணி நேரம் பின்னால் இருக்கும். பஸ்ஸுக்குத் திரும்பும் நேரத்தைக் கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

நுழைவுக்கு மத்திய அரசு, மாநில அரசு என்று இரண்டு கட்டணம் உண்டு. சுற்றுலாப் பணத்தில் இரண்டும் சேர்த்தியா என்று முன்கூட்டியே கேளுங்கள்.

வெயில் கொளுத்தும். பருத்தி உடை, தொப்பி, தண்ணீர் பாட்டில், மாற்றுத் துணி, வழுக்காத செருப்பு அவசியம்.

சைவம் சாப்பிடுகிறவர்கள் பீன்ஸ் மசியலை எடுக்கும் முன் 'மன்தேகா' சேர்த்ததா என்று கேளுங்கள். பன்றிக் கொழுப்புக்கு அங்கே அந்தப் பெயர்.

ஊர் திரும்பியதிலிருந்து எனக்கு ஒரே யோசனைதான். ஜாக்கெட் இல்லாமல் மிதக்கக் கற்றுக்கொள்ள வேண்டும். பெண்களுக்குப் பெண்களே நீச்சல் சொல்லித்தருகிற இடம் உங்கள் ஊரில் இருந்தால், இந்தப் பகுதிக்கு எழுதுங்களேன். என்னைப் போல மேட்டில் உட்கார்ந்து துணிக்குக் காவல் காத்தவர்கள் இன்னும் எத்தனையோ பேர் இருப்பார்கள்.

— ஒரு வாசகி, ஈரோடு