சுருக்கப் பெயர்களைச் சுருக்கென்று எழுதிவிடாதீர்கள்!

பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தேன். அப்பா செகண்ட் ஹேண்டில் வாங்கிய கம்ப்யூட்டர் திடீரென்று உயிர் விட்டிருந்தது. சர்வீஸ் சென்டருக்கு ஆங்கிலத்தில் ஒரு இமெயில் அனுப்பியிருந்தார். "சி.பி.யு. வேலை செய்யவில்லை. மாற்ற எவ்வளவு ஆகும்?" என்பதுதான் விஷயம். அவர்களும் புதிய ப்ராசசருக்கு விலை போட்டுப் பதில் அனுப்பிவிட்டார்கள். பல ஆயிரம் ரூபாய்! பணம் கட்டக் கிளம்பியவரை நிறுத்தி, மின் இணைப்பை எடுத்துவிட்டுக் கேபினெட்டைத் திறந்து பார்த்தேன். போயிருந்தது எஸ்.எம்.பி.எஸ். எனப்படும் பவர் சப்ளை மட்டுமே. என் பழைய கம்ப்யூட்டரில் இருந்ததைக் கழற்றி மாட்டியதும் ஓட ஆரம்பித்துவிட்டது.

தவறு எங்கே? பெட்டி முழுவதையும் நாம் சி.பி.யு. என்கிறோம். அதன் விரிவாக்கம் சென்ட்ரல் ப்ராசசிங் யூனிட். அதாவது மதர்போர்டில் உட்கார்ந்திருக்கும் ப்ராசசர் சிப். அப்பா எழுதியதை அவர்கள் அப்படியே எடுத்துக்கொண்டார்கள். எனவே, ஆங்கிலத்தில் மெயில் எழுதும்போது கீழே உள்ளவற்றைக் கவனியுங்கள்.

முதல் முறை விரித்து எழுதுங்கள்: முழுப் பெயரை எழுதி, பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் சுருக்கத்தைத் தாருங்கள். பிறகு சுருக்கம் மட்டும் போதும். ஏ.டி.எம். என்றால் நமக்குப் பணம் தரும் இயந்திரம். நெட்வொர்க் பொறியாளருக்கோ அது அசிங்க்ரனஸ் ட்ரான்ஸ்ஃபர் மோட் என்னும் தகவல் அனுப்பும் முறை.

'எ' போடுவதா, 'அன்' போடுவதா?: எழுத்தைப் பார்க்காதீர்கள், ஒலியைக் கேளுங்கள். எல்.சி.டி. என்பது 'எ' ஒலியில் தொடங்குவதால் 'அன்' வரும். யு.எஸ்.பி. 'யூ' என்று ஒலிப்பதால் 'எ' வரும். ரேம், ஆர்.டி.எஃப். இரண்டுக்கும் ஆங்கிலத்தில் முதல் எழுத்து ஒன்றுதான். ஆனால் ரேம் என்பதை ஒரே சொல்லாகப் படிக்கிறோம். எனவே 'எ ரேம் சிப்'. மற்றதை எழுத்து எழுத்தாகப் படிக்கிறோம். எனவே 'அன் ஆர்.டி.எஃப். ஃபைல்'.

ஒரே சொல் இருமுறை வேண்டாம்: ரேம் என்பதன் கடைசி எழுத்தே மெமரிதான். 'ரேம் மெமரி' என எழுதத் தேவையில்லை. 'பின் நம்பர்', 'பி.டி.எஃப். ஃபார்மட்' ஆகியவையும் இப்படித்தான். நம்பரும் ஃபார்மட்டும் உள்ளேயே இருக்கின்றன.

பன்மை: சி.டி. பல என்றால் இறுதியில் சிறிய 'எஸ்' மட்டும் சேருங்கள். நடுவில் மேற்கோள் குறி போன்ற அபாஸ்ட்ரஃபி வேண்டாம். அது உடைமையைக் காட்டுவது.

பெரிய எழுத்தா, சிறிய எழுத்தா?: எம்.பி. என்பதில் பெரிய 'பி' வந்தால் மெகாபைட், சிறிய 'பி' வந்தால் மெகாபிட். 8 பிட் சேர்ந்தது 1 பைட். எனவே நொடிக்கு 100 மெகாபிட் வேகமுள்ள இன்டர்நெட் இணைப்பில், நொடிக்கு அதிகபட்சம் 12.5 மெகாபைட்தான் டவுன்லோட் ஆகும். இது தெரியாமல் நிறுவனத்துக்குப் புகார் எழுதிவிடாதீர்கள்.

ஒரு சுருக்கத்தின் விரிவாக்கம் உங்களுக்கே தெரியவில்லையா? அதை எழுதாமல், கண்ணில் பட்டதை எழுதுங்கள். "பவர் பட்டனை அழுத்தினால் விளக்கு எரியவில்லை, ஃபேன் சுற்றவில்லை" என்று அப்பா எழுதியிருந்தால், ப்ராசசருக்கு விலை வந்திருக்காது.